செல்வர் இருவரும் சொல்லாத தொகையும்

தம்மிடமுள்ள பொருள் இவ்வளவு என்று பிறர் அறியச் சொல்ல விரும்புவோர் உலகில் மிகச் சிலரே. பிறருடைய பொருள் தம்முடையதினும் கூடியதோ குறைந்ததோ என்று அறிய விரும்பாதவர் அவரினும் சிலர். மனித இயல்பின் இவ்விரு கூறுகளும் ஒன்றோடொன்று முட்டும் இடத்திலே ஒரு கணக்குப் பிறக்கின்றது. செல்வர் இருவர் ஓரிடத்திற் சந்திக்கின்றனர். தம்முள் எவர் செல்வத்தில் மிக்கவர் என்று அறிய வேண்டுமென்னும் ஆவல் இருவர்க்கும் உண்டு. ஆனால், தம் செல்வத்தின் தொகையை மற்றவருக்குச் சொல்ல இருவர்க்கும் மனமில்லை. நடுவர் ஒருவரை அமர்த்தி, அவருடைய காதில் இருவரும் தத்தம் தொகையைச் சொல்லலாம் அல்லவா என்று கேட்கலாம். அவ்வாறு செய்தால், ஒருவர்க்கு மறைத்ததை இன்னொருவர்க்கு வெளிப்படுத்தியதாக முடியும். அந்நடுவர் நாளை என்ன செய்வார் என்பதை யார் அறிவர்? எனவே, நடுவரும் இன்றி, தொகையும் சொல்லாது, விடையை மாத்திரம் அறிதல் கூடுமா என்பதே கேள்வி.

முதலிற் கேட்கும்போது இது சிறுவர் சொல்லும் விடுகதை போலவே தோன்றும். சொல்லாத இரண்டு தொகைகளை எவ்வாறு ஒப்பிடுவது என்று கேட்டுச் சிரித்துவிட்டுப் போகவும் தோன்றும். ஆயினும், 1982ஆம் ஆண்டில் அமெரிக்காவின் சிக்காகோ நகரில் நடைபெற்ற கணினி விஞ்ஞானிகளின் மாநாடு ஒன்றிலே, இந்த விடுகதையையே தம் ஆய்வுக் கட்டுரையின் முகப்பில் நிறுத்தி, அது கூடும் என்பதைக் கணித முறையாற் காட்டினார் ஓர் அறிஞர். அவர் பெயர் அன்ட்ரூ யாவோ. 'இலட்சாதிபதிகளின் பிரச்சினை' என்று அக்கேள்வி பின்னர் உலகப் புகழ் பெற்றது. அதிலிருந்து கிளைத்து வளர்ந்ததே இன்று 'பாதுகாப்பான கணிப்பு' என வழங்கும் ஆய்வுத் துறை.

யாவோ 1946ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 24ஆம் நாள் சீனாவின் ஷங்காய் நகரிற் பிறந்தவர். அவர் சிறு பிள்ளையாய் இருந்த காலத்திலேயே குடும்பம் சீனப் பெருநிலத்தை விட்டு வெளியேற, தாய்வான் தீவிலே வளர்ந்தார். தேசிய தாய்வான் பல்கலைக்கழகத்திற் பௌதிகவியல் பயின்று 1967இற் பட்டம் பெற்றார். பின்னர் அமெரிக்கா சென்று, ஹாவர்ட் பல்கலைக்கழகத்திலே, பிற்காலத்தில் நோபல் பரிசு பெற்ற ஷெல்டன் கிளாஷோ என்னும் பௌதிக அறிஞரிடம் ஆராய்ச்சி செய்து 1972இற் கலாநிதிப் பட்டமும் பெற்றார். அணுவின் உட்பொருளை ஆராயும் துறையில் இத்தகைய தொடக்கம் பெற்ற ஓர் இளைஞர் அத்துறையிலேயே நிலைத்திருப்பார் என்றுதான் எவரும் எண்ணுவர்.

ஆனால், அவருடைய வாழ்வு வேறு வழியிற் சென்றது. அவருடைய துணைவியார் பிரான்சிஸ் யாவோ கணினி விஞ்ஞானத்தில் ஆராய்ச்சி செய்து வந்தவர். அவர் வாயிலாகவே அப்புதிய துறையின் வினாக்கள் யாவோவுக்கு அறிமுகமாயின. அவற்றின் எளிமையும் ஆழமும் அவரை ஈர்த்தன. கிடைத்த கலாநிதிப் பட்டத்தை ஒரு புறம் வைத்துவிட்டு, மீண்டும் மாணவராகி, இலினொய் பல்கலைக்கழகத்திற் சேர்ந்து, 1975இற் கணினி விஞ்ஞானத்தில் இரண்டாவது கலாநிதிப் பட்டத்தைப் பெற்றார். முதற்பட்டத்திற்கும் இதற்கும் இடையே கழிந்தவை மூன்று ஆண்டுகளே. அதன்பின் மசாசுசெட்ஸ் தொழினுட்ப நிறுவனம், ஸ்ரான்ஃபோர்ட், பேர்க்லி ஆகிய இடங்களிற் கற்பித்து, 1986இற் பிறின்ஸ்ரன் பல்கலைக்கழகத்தை அடைந்தார்.

1979ஆம் ஆண்டில் அவர் எழுப்பிய ஒரு வினா, பின்வந்த சாதனைக்கு வாயிலாக அமைந்தது எனலாம். வெவ்வேறு இடங்களில் இருக்கும் இருவரிடம் ஒரு கணக்கின் இரண்டு பகுதிகள் தனித்தனியே உள்ளன. விடையைக் காண அவர்கள் ஒருவரோடொருவர் எவ்வளவு பேசியே தீர வேண்டும்? எத்தனை திறமைசாலிகளாய் இருந்தாலும் இதற்குக் குறைந்து பேசி விடை காண முடியாது என்னும் எல்லை யாது? இதுவே தொடர்புச் சிக்கனம் பற்றிய ஆராய்ச்சியாக வளர்ந்தது. மூன்று ஆண்டுகள் கழித்து, அதே இருவரை வைத்துக்கொண்டு அவர் வினாவை மாற்றினார். எவ்வளவு குறைவாகப் பேசலாம் என்று கேட்டவர், எவ்வளவு குறைவாக வெளிப்படுத்தலாம் என்று கேட்கத் தொடங்கினார்.

இம்மாற்றத்தின் அருமையை உணர வேண்டுமாயின், மறைகுறிக் கலையின் பழைய நிலையைச் சிறிது நோக்குதல் வேண்டும். அரசரும் படைத்தலைவரும் பண்டு தொட்டே ஓலைகளை மறைகுறியில் எழுதி அனுப்பி வந்தனர். அங்கே அனுப்புபவரும் பெறுபவரும் நண்பர். இடையிற் களவாடிப் படிப்பவன் பகைவன். 1976இல் விற்ஃபீல்ட் டிஃபி, மாட்டின் ஹெல்மன் என்னும் இருவர், முன்பின் சந்தித்திராதவரும் வெளிப்படையாகப் பேசியே ஓர் இரகசியத்தை உருவாக்கிக் கொள்ளலாம் எனக் காட்டினர். 1977இல் ரிவெஸ்ட், ஷமீர், ஏடில்மன் என்னும் மூவர், பூட்டை ஊரறியக் கொடுத்துவிட்டுத் திறப்பை மாத்திரம் தம்மிடம் வைத்துக்கொள்ளும் முறையை வகுத்தனர். இவை பெரும் புதுமைகளே. எனினும், இவற்றிலும் பகைவன் வெளியேதான் நிற்கின்றான். யாவோ கேட்ட கேள்வியிலோ மறைக்க வேண்டியது எதிரே அமர்ந்து சேர்ந்து கணக்குச் செய்பவரிடமே. ஒத்துழைக்க வேண்டியவரும் அவரே. ஒளிக்க வேண்டியவரும் அவரே.

இது எவ்வாறு இயலும் என்பதைச் சிறியதோர் எடுத்துக்காட்டினால் விளக்கலாம். செல்வர் இருவரின் பொருளும் 1 முதல் 5 இலட்சத்துக்கு உட்பட்டதென வைத்துக்கொள்வோம். முதலாமவர் ஓர் அறையில் 1, 2, 3, 4, 5 என்று இலக்கமிட்ட ஐந்து பெட்டிகளை வைக்கிறார். அவரிடமுள்ளது 3 இலட்சம். ஆகவே 1, 2, 3 என்னும் பெட்டிகளில் 'உண்டு' என்றெழுதிய துண்டையும், 4, 5 என்னும் பெட்டிகளில் 'இல்லை' என்றெழுதிய துண்டையும் இட்டு மூடிவிட்டு வெளியேறுகிறார். இரண்டாமவர் தனியே அறையினுட் செல்கிறார். அவரிடமுள்ளது 4 இலட்சம். எனவே 4ஆம் இலக்கப் பெட்டியை மாத்திரம் திறந்து, துண்டை எடுத்துக்கொண்டு, மற்றைப் பெட்டிகளைத் திறவாமலே எரித்துவிடுகிறார். எடுத்த துண்டில் 'இல்லை' என்றிருக்கிறது. அஃதாவது, 4 இலட்சம் முதலாமவரிடம் இல்லை. அத்துண்டை வெளியே கொண்டுவந்து முதலாமவருக்கும் காட்டுகிறார். இரண்டாமவரே செல்வத்தில் மிக்கவர் என்பது இருவர்க்கும் தெரிந்தது. எந்தப் பெட்டி திறக்கப்பட்டது என்பது முதலாமவருக்குத் தெரியாது. மற்றைப் பெட்டிகளில் என்ன இருந்தது என்பது இரண்டாமவருக்குத் தெரியாது. 'உண்டு' என்று வந்திருப்பின், முதலாமவரிடம் குறைந்தது அவ்வளவேனும் உண்டு என்பது பொருளாகும்.

இங்கே இரண்டு ஐயங்கள் எழும். இரண்டாமவர் ஆவல் மிகுதியால் ஐந்து பெட்டிகளையும் திறந்து பார்த்துவிட்டால் என் செய்வது? முதலாமவர் சாளரத்தின் வழியே எட்டிப் பார்த்துவிட்டால் என் செய்வது? ஒருவர் பல பொருள்களை வைக்க வேண்டும்; மற்றவர் அவற்றுள் ஒன்றை மாத்திரம் எடுக்க வேண்டும்; எடுத்தது எது என்பதை வைத்தவர் அறியக் கூடாது; எடாதவற்றை எடுத்தவர் அறியக் கூடாது. இதனை 'அறியாக் கொடை' என்று நாம் அழைக்கலாம். இக்கருத்தின் முதல் வடிவத்தை 1981இல் மைக்கல் ராபின் என்னும் அறிஞர் வெளியிட்டார்.

பெட்டியும் அறையும் இல்லாமல், தொலைவிலிருக்கும் இருவர் கம்பி வழியே எண்களை மாத்திரம் அனுப்பிக்கொண்டு இக்கொடையை எவ்வாறு நிகழ்த்துவது? இரண்டு பொருள்களுள் ஒன்றைப் பெற விரும்புபவர், இரண்டு பூட்டுகளைச் செய்து கொடுப்பவருக்கு அனுப்புகிறார். இரண்டும் பார்வைக்கு ஒன்று போலவே இருக்கும். ஆனால், ஒன்றுக்குத்தான் அவரிடம் திறப்பு உண்டு. ஒரு பூட்டைத் தம் விருப்பப்படி செய்துகொண்டால் மற்றது தானே தீர்மானமாகிவிடும்படி கணித விதி இரண்டையும் பிணைத்திருப்பதால், இரண்டுக்கும் திறப்பு வைத்துக்கொள்ளுதல் அவருக்கு இயலாது. கொடுப்பவர் முதற்பொருளை முதற்பூட்டாலும், இரண்டாம் பொருளை இரண்டாம் பூட்டாலும் பூட்டி அனுப்பிவிடுகிறார். பெறுபவர் திறக்கக்கூடியதைத் திறந்துகொள்கிறார். எதனைத் திறந்தார் என்பது கொடுத்தவருக்குத் தெரியாது. பூட்டு என்று ஈண்டுச் சொல்லப்படுவது இரும்பன்று. மிகப் பெரிய எண்களே. அவற்றைத் திறப்பின்றித் திறக்க முயன்றால், இன்றுள்ள கணினிகளுக்கு நடைமுறையில் முடியாத அளவு காலம் வேண்டும் என்னும் நம்பிக்கையே அவற்றின் வலிமை.

1982இன் முறைக்கு ஒரு குறை இருந்தது. 5 இலட்சத்துக்கு ஐந்து பெட்டிகள் போதும். ஒரு கோடி வரை ஒவ்வொரு ரூபாவாக ஒப்பிட வேண்டுமாயின், ஒரு கோடிப் பெட்டிகள் வேண்டும். எண் வளர வளர வேலையும் அவ்வாறே பெருகும். ஒப்பிடுதல் ஒன்றுக்கன்றி, எந்தக் கணக்குக்கும் ஏற்ற முறை வேண்டும். அஃது எளிதாகவும் இருத்தல் வேண்டும். அதற்கான விடையை யாவோ 1986இற் கண்டார்.

கணினியின் உள்ளே எந்தக் கணக்கும் இறுதியில் 0, 1 என்னும் இரண்டு குறிகளாகவே அமைகின்றது. அக்குறிகள் கம்பிகளின் வழியே ஓடி, தருக்கப் படலைகள் எனப்படும் சிறு சந்திகளிற் கூடுகின்றன. ஒரு படலையில் இரண்டு கம்பிகள் உள்ளே வரும். ஒன்று வெளியே செல்லும். எடுத்துக்காட்டாக, உள்ளே வருவன இரண்டும் 1 ஆனால் மாத்திரம் வெளியே 1 அனுப்பும் படலை ஒன்று உண்டு; மற்றெவ்வகையிலும் அது 0 அனுப்பும். கூட்டல், பெருக்கல், ஒப்பிடல் என எக்கணக்காயினும், இத்தகைய படலைகளைப் போதிய அளவிற் கோத்துச் செய்துவிடலாம். எனவே, ஒரு படலையின் வழியே இரகசியம் கசியாமற் குறிகளைச் செலுத்த முடியுமாயின், எல்லாக் கணக்கையும் இரகசியமாகச் செய்துவிடலாம்.

யாவோவின் முறை இதுதான். முதலாமவர் ஒவ்வொரு கம்பிக்கும் இரண்டு திறப்புகளைச் செய்கிறார். ஒன்று 0 என்பதற்கு, மற்றது 1 என்பதற்கு. ஆனால், திறப்பைப் பார்த்து அஃது எதற்குரியது என்று எவராலும் சொல்ல முடியாது. படலைக்குள் வரும் இரண்டு கம்பிகளாலும் நான்கு நிலைகள் உண்டாகும்: 0உம் 0உம், 0உம் 1உம், 1உம் 0உம், 1உம் 1உம். இந்நான்கிற்கும் நான்கு பேழைகள் வைக்கப்படுகின்றன. ஒவ்வொரு பேழைக்கும் இரண்டு பூட்டு. அந்நிலைக்குரிய இரண்டு திறப்புகளும் சேர்ந்தாலன்றி அது திறவாது. பேழைக்குள் இருப்பது வெளியே செல்லும் கம்பிக்குரிய திறப்பு. விடை 0 ஆயின் 0இன் திறப்பு, 1 ஆயின் 1இன் திறப்பு. பின்பு நான்கு பேழைகளையும் இடம் மாற்றிக் கலைத்து, இரண்டாமவருக்கு அனுப்பிவிடுகிறார். எல்லாப் படலைகளுக்கும் இவ்வாறே செய்யப்படும்.

தமது எண்ணுக்குரிய திறப்புகளை முதலாமவர் நேரே அனுப்பிவிடலாம். அவை பொருளறியாத் திறப்புகளாதலின், அவற்றால் எதுவும் வெளிப்படாது. இரண்டாமவரின் எண்ணுக்குரிய திறப்புகளோ முன்சொன்ன அறியாக் கொடையினாற் செல்லும். இப்போது இரண்டாமவரிடம் ஒவ்வொரு கம்பிக்கும் ஒரே ஒரு திறப்பு உண்டு. முதற்படலையில் நான்கு பேழைகளுள் ஒன்றை மாத்திரம் அவராற் திறக்க முடியும். அதனுள் இருக்கும் திறப்பை எடுத்துக்கொண்டு அடுத்த படலைக்குச் செல்கிறார். இவ்வாறு படலைக்குப் படலை சென்று கடைசிக் கம்பியை அடைகிறார். கடைசித் திறப்புகளுக்கு மாத்திரம், இது 0, இது 1 என்னும் பொருள் விளக்கம் கொடுக்கப்பட்டிருக்கும். அதனால் விடை தெரிந்துவிடும். வந்த வழியில் எந்த இடத்தில் என்ன குறி ஓடியது என்பதை, வழிநெடுகத் தாமே கணக்குச் செய்தும், அவர் அறியமாட்டார். கண்ணைக் கட்டிக்கொண்டு ஊரைக் கடந்து, சேரவேண்டிய வீட்டை அடைந்த பின் கட்டை அவிழ்த்தவரின் நிலைக்கு இதனை ஒப்பிடலாம்.

இம்முறையைப் பற்றிய ஒரு செய்தி வரலாற்றிற் சுவையானது. 1986இற் கனடாவின் ரொறன்ரோ நகர மாநாட்டிற்குரிய யாவோவின் கட்டுரையையே எல்லாரும் இதற்கு மூலமாகச் சுட்டுவர். ஆனால், அச்சிட்ட அக்கட்டுரையிலே பேழைகளும் திறப்புகளுமாகிய இம்முறை விளக்கமாக எழுதப்படவில்லை. அவர் வாய்மொழியாக எடுத்துரைத்ததையே கேட்டவர்கள் பரப்பினர். முறைக்கு வழங்கும் பெயரையும் 1990இற் பிறரே இட்டனர். அதன் பாதுகாப்புக்கான முழு நிறுவலை யெஹூடா லின்டெல், பென்னி பின்காஸ் என்னும் இருவர் எழுத, அது 2009ஆம் ஆண்டில் ஆய்விதழில் வெளிவந்தது. ஆசிரியர் வாய்மொழியாகச் சொன்ன கருத்து, இருபத்துமூன்று ஆண்டுகள் கழித்து முழு உருவில் ஏடேறியது. 2004இல் அதனை உண்மையான கணினிகளில் இயக்கிக் காட்டிய முன்னோடி முயற்சி ஒன்றில், இலட்சாதிபதிகளின் ஒப்பீட்டுக்கு 254 படலைகள் பயன்பட்டன. காகிதத்தில் மாத்திரம் அழகாயிருந்த ஒரு கருத்து இயந்திரத்தில் ஓடத் தொடங்கியது.

இருவர்க்கு இயலுவது பலர்க்கும் இயலுமா? 1987இற் கோல்ட்றைக், மிக்காலி, விக்டர்சன் என்னும் மூவர் இயலும் என நிறுவினர். அடுத்த ஆண்டிலே, பங்காளரிற் பெரும்பாலோர் நேர்மையாக நடப்பாராயின், கடினமான எண்களின் துணையுமின்றி இதனைச் செய்யலாம் என்பதை இரு ஆய்வுக் குழுவினர் தனித்தனியே காட்டினர். அதன் கருவை ஒரு சிறு கணக்கால் அறியலாம். ஊழியர் மூவர் தம் நாட்சம்பளத்தின் சராசரியை அறிய விரும்புகின்றனர். ஆனால் எவரும் தம் சம்பளத்தைச் சொல்ல விரும்பவில்லை. முதலாமவர் மனத்திலே 613 என்றோர் எண்ணை நினைத்து, தம் சம்பளம் 42ஐக் கூட்டி, 655 என்று இரண்டாமவரிடம் மாத்திரம் சொல்கிறார். அவர் தமது 51ஐக் கூட்டி, 706 என்று மூன்றாமவரிடம் சொல்கிறார். அவர் தமது 66ஐக் கூட்டி, 772 என்று முதலாமவரிடம் சொல்கிறார். முதலாமவர் 613ஐக் கழித்தால் 159. அதனை மூன்றாற் பிரித்தால் 53. சராசரி கிடைத்தது, தனித்தொகை எதுவும் தெரியவில்லை. எனினும், முதலாமவரும் மூன்றாமவரும் கூடிச் சதி செய்வாராயின், 706இலிருந்து 655ஐக் கழித்து, நடுவிலிருப்பவரின் 51ஐ அறிந்துவிடுவர். ஆகவே, ஒவ்வொருவரும் தம் எண்ணைத் துண்டுகளாக்கி எல்லாரிடமும் ஒவ்வொன்று கொடுத்து, இன்ன தொகையினர் கூடினாலன்றி அது வெளிப்படாதவாறு செய்யும் முறை கைக்கொள்ளப்படுகின்றது. எண்ணை இவ்வாறு பகிரும் வழியை ஷமீர் 1979இலேயே வகுத்திருந்தார்.

இத்தகைய நுட்பத்தால் உழைப்பவனுக்கு யாது பயன் என்று கேட்கலாம். அதற்கு விடை டென்மார்க்கின் கிழங்கு வயலிலிருந்து வந்தது. சீனி செய்வதற்கான பீற் கிழங்கை அந்நாட்டில் ஆயிரக்கணக்கான கமக்காரர் பயிரிட்டு வந்தனர். அதனை வாங்கிச் சீனியாக்கும் நிறுவனமோ டனிஸ்கோ என்னும் ஒன்றே. ஐரோப்பிய ஒன்றியம் சீனிக்கு அளித்த ஆதரவு குறைந்தபோது, பயிரிடும் உரிமையை இலாபமாகப் பயிரிடக் கூடியவர்க்கு மாற்றிக் கொடுப்பதற்கு ஓர் ஏலம் தேவையாயிற்று. இன்ன விலையாயின் இவ்வளவு விற்பேன், இன்ன விலையாயின் இவ்வளவு வாங்குவேன் என்று ஒவ்வொரு கமக்காரரும் எழுத வேண்டும்.

ஆனால், அந்த எழுத்தை யாரிடம் கொடுப்பது? நிறுவனத்திடம் கொடுத்தால், எவருடைய நிலம் நன்றாக விளைகின்றது, எவர் நெருக்கடியில் உள்ளார் என்பதையெல்லாம் ஒரே வாங்குபவர் அறிந்துவிடுவார். மறுமுறை விலை பேசும்போது அவ்வறிவே கமக்காரரின் கழுத்துக்குக் கயிறாகிவிடும். கமக்காரர் சங்கத்திடமும் அதனை ஒப்படைத்தல் ஏற்றதாகப் படவில்லை. உறுப்பினர் சிலரின் கடன் தொடர்பான உரிமைகள் அச்சங்கத்திடமே இருந்தன. வெளியார் ஒருவரை நடுவராக அமர்த்துதலும் பெருஞ்செலவு. ஆகவே 2008ஆம் ஆண்டு ஜனவரி மாதத்தில், நிறுவனம், சங்கம், ஆய்வுக் குழு ஆகிய மூன்று தரப்பினரின் மூன்று கணினிகளுக்கு ஏலத்தொகைகள் துண்டு துண்டாகப் பகிரப்பட்டன. எந்த ஒரு கணினியும் தனியே எத்தொகையையும் அறியாது. ஏறத்தாழ 1200 கமக்காரர் அதிற் பங்குபற்றினர். சுமார் அரை மணி நேரக் கணிப்பின் பின், எல்லார்க்கும் பொதுவான சந்தை விலை வெளிவந்தது. ஏறத்தாழ 25,000 தொன் கிழங்குக்குரிய உரிமை கைமாறியது. இங்கே பயன்பட்டது பேழை முறையன்று, பகிரும் முறையே. எனினும், இரண்டும் 1982இன் அதே கேள்விக்கு எழுந்த விடைகள். இரகசியக் கணிப்பு பேரளவில் நடைமுறைக்கு வந்த முதல் நிகழ்ச்சி என அறிஞர் இதனையே கொள்வர்.

பின்னர் அமெரிக்காவின் பொஸ்ரன் நகரிலும் இத்தகைய பணி ஒன்று நடைபெற்றது. ஆண் பெண் ஊழியரின் சம்பளத்திடையே உள்ள வேறுபாட்டை அளந்தறிய நகரின் மகளிர் தொழிற் கழகம் விரும்பியது. நிறுவனங்களோ தம் சம்பள ஏட்டைப் பிறரிடம் காட்ட அஞ்சின. பொஸ்ரன் பல்கலைக்கழக ஆய்வாளர் வகுத்த கணிப்பு முறையினால், நூறாயிரத்துக்கு மேற்பட்ட ஊழியரின் சம்பள விபரம் எந்த நிறுவனத்தின் ஏடும் வெளிப்படாமற் கூட்டிப் பார்க்கப்பட்டது. அநீதி உண்டா இல்லையா என்பதை அறிவதற்கு எவருடைய இரகசியத்தையும் பலியிட வேண்டியதில்லை என்பது அங்கே தெளிவாயிற்று.

இந்தக் கலைக்கும் எல்லைகள் உள. முதலாவது, அது மறைக்குமேயன்றி மெய்யுரைக்கச் செய்யாது. பொய்யான தொகையை இட்டால் பொய்யான விடையே வரும். இரண்டாவது, விடையே சிலவேளைகளில் இரகசியத்தை உடைத்துவிடும். இருவர் மாத்திரம் சராசரி காண முற்பட்டால், விடையை இரட்டித்துத் தம் தொகையைக் கழித்து, மற்றவர் தொகையை எளிதில் அறிந்துவிடலாம். எந்தக் கணிதமும் அதனைத் தடுக்காது. ஆகவே, எதனைக் கணிக்க இசையலாம், எதனைக் கணிக்க இசையலாகாது என்பதை மனிதரே தீர்மானித்தல் வேண்டும். மூன்றாவது, வெளிப்படையாகச் செய்யும் கணக்கிலும் இரகசியமாகச் செய்யும் கணக்குக்குக் காலமும் செலவும் பன்மடங்கு வேண்டும். விதியின்படி நடந்துகொண்டே ஒற்றறிய முயல்பவரை வெல்லுதல் எளிது. விதியையே மீறி ஏமாற்றுபவரை வெல்வதற்கு மேலும் பல காவல்கள் தேவை. 1986க்குப் பின் இத்துறையில் நிகழ்ந்த ஆராய்ச்சியிற் பெரும்பகுதி இச்செலவைக் குறைத்தற்கும் இக்காவல்களை அமைத்தற்குமே செலவாயிற்று எனலாம்.

யாவோவின் பணி இத்துறையோடு நிற்கவில்லை. கணினி உண்டாக்கும் எண்வரிசை உண்மையிலேயே தற்செயலாய் வந்தது போன்றதா என்பதை எவ்வாறு சோதிப்பது என்பதற்கும் 1982இல் அவர் அடிப்படை வகுத்தார். டனி டோலெவ் என்பவருடன் சேர்ந்து, செய்தி செல்லும் பாதை முழுவதும் பகைவன் கையிலேயே உள்ளது எனக் கொண்டு முறைகளைச் சோதிக்கும் வழியையும் வகுத்தார். அது இன்றும் இருவர் பெயராலும் வழங்குகின்றது. கணினி விஞ்ஞானத்தின் தலையாய விருதாகிய ரூரிங் பரிசு 2000ஆம் ஆண்டுக்கு அவர்க்கு அளிக்கப்பட்டது. சீன வம்சாவளியினருள் அப்பரிசைப் பெற்ற முதல்வர் அவரே. 2021இல் யப்பானின் கியோட்டோப் பரிசும் அவரை அடைந்தது.

பெரும்பரிசு பெற்ற அறிஞர் பெற்ற இடத்திலேயே ஓய்ந்திருத்தல் உலக வழக்கு. யாவோவோ 2004இற் பிறின்ஸ்ரனை விட்டு, தாம் பிறந்த நாட்டின் தலைநகராகிய பெய்ஜிங்கிலுள்ள சிங்குவா பல்கலைக்கழகத்துக்குச் சென்றார். உயர்ந்த பேராசிரியர்கள் இளமாணவர்க்கு நேரே கற்பிக்க வேண்டும் என்னும் எண்ணத்தோடு, பட்டப் படிப்பு மாணவர்க்கென 2005இல் தனி வகுப்பொன்றைத் தொடங்கினார். 'யாவோ வகுப்பு' என்றே அது பெயர் பெற்றது. இருபத்தொன்பதாம் வயதை எட்டுமுன் இரண்டாம் முறை மாணவரானவர், அறுபதாம் வயதை அணுகும்போது மீண்டும் இளைஞர் நடுவே கரும்பலகை முன் நின்றார்.

இலட்சாதிபதிகள் இருவரின் கதையை யாவோ தம் கட்டுரைக்கு எடுத்துக்கொண்டார். அக்கதையால் நன்மை அடைந்தவரோ இலட்சாதிபதிகளல்லர். டென்மார்க்கின் கமக்காரரும் பொஸ்ரனின் ஊழியருமே. இரகசியம் என்பது செல்வர்க்கு ஆடம்பரமாய் இருக்கலாம். எளியவர்க்கோ அது பல வேளைகளில் ஒரே காவல். தம் நிலையைச் சொன்னாலன்றி உதவி கிடையாது. சொன்னாலோ அதுவே தமக்கு எதிரான ஆயுதமாகிவிடும் என்னும் இக்கட்டில் நிற்பவர் எந்நாட்டிலும் உளர். சொல்ல வேண்டியதை மாத்திரம் சொல்லி, மற்றதைத் தம்மிடமே வைத்துக்கொள்ளும் உரிமையை அத்தகையோர்க்கு ஒரு கணக்கினால் அளிக்க முடியும் என்பதை யாவோ தொடங்கிய துறை உலகுக்குக் காட்டிற்று.